மாடு வற்றினால் ஓட்டில்லை

மாடு சினையாக இருந்ததால் என் அம்மாவின் ஓட்டு போனது. சிரிப்பவர்கள் சிரித்துவிட்டுப் படியுங்கள். எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டுதான் வருகிறது.

இலங்கையிலிருந்து கப்பலேறி வந்த எங்களைக் கோத்தகிரிப் பக்கம் ஒரு தேயிலை எஸ்டேட் லயத்தில், வரிசை வீடுகளில், குடிவைத்தார்கள். மறுவாழ்வுக் கடனில் வீட்டுக்கொரு மாடு. அத்தனையும் ஒரே நாளில் லாரியில் வந்து இறங்கின. கீழே பஜாரில் இருந்த பால் கூட்டுறவுச் சங்கத்தில் எங்களை உறுப்பினராகச் சேர்த்தார்கள். அங்கே தேர்தல் நடக்கும், நாமும் ஓட்டுப் போடலாம் என்று கேட்டதும் அம்மாவுக்குத் தலைகால் புரியவில்லை. இலங்கையில் தோட்டத்து ஆட்களின் ஓட்டைப் பிடுங்கிவிட்டிருந்தார்கள். இங்கேயும் சட்டசபை ஓட்டர் லிஸ்டில் எங்கள் லயம் இன்னும் ஏறவில்லை. நாற்பது தாண்டியும் அவர் ஒரு ஓட்டுப் போட்டதில்லை.

"நம்ம பாலு, நம்ம ஓட்டு. எவன் கேக்கிறது?" என்று லயம் முழுக்கச் சொல்லித் திரிந்தார்.

தேர்தல் அறிவித்தார்கள். லயத்து ஆட்கள் ஒருவருக்கும் ஓட்டில்லை என்றார்கள். அம்மாவோடு நானும் இறங்கிப் போய்ச் சங்கத் தலைவரைக் கேட்டேன்.

"ஏனுங்க, இதுல கோவிக்கறதுக்கு என்னங்க இருக்குது? மூணு மாசம் விடாம பால் ஊத்துனவங்களுக்குத்தானுங்க ஓட்டு. உங்க மாடெல்லாம் வத்திப்போச்சுங்களே!" என்றார், தேன் ஒழுக.

ஒன்றாக வந்த மாடுகளுக்கு ஒன்றாகச் சினை ஊசி போட்டார்கள். கன்று போடுவதற்கு முன்னால் எல்லாம் ஒன்றாகப் பால் வற்றின. ஊசி போட மாட்டு டாக்டரை லயத்துக்குக் கூட்டி வந்ததே இந்தத் தலைவர்தான். விரல்விட்டு மாதம் எண்ணத் தெரியாதவரா அவர்? பார்த்துத்தான் தேர்தலுக்குத் தேதி குறித்திருந்தார், படுபாவி.

"அங்க கள்ளத்தோணின்னு சொல்லி ஓட்டப் புடுங்கினானுக. இங்க மடியப் பாத்துப் புடுங்குறீங்களா? உங்க வீட்டு மாடு சினையே புடிக்காதா?" என்று அம்மா போட்ட சத்தத்தில் பஜாரே திரும்பிப் பார்த்தது. தலைவர் சிரித்துக்கொண்டே உள்ளே போய்விட்டார்.

தேர்தல் நடந்தது, அவரே ஜெயித்தார். லயமே சேர்ந்து வழக்குப் போட்டது. வாய்தா, வாய்தா, வாய்தா. ஒவ்வொரு வாய்தாவுக்கும் கொழுந்து வேலையை விட்டுவிட்டு ஊட்டிக்குப் பஸ் ஏறினோம். கடைசியில் விசாரித்த அதிகாரி தலைவரின் வக்கீலிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்:

"கன்னு போடப்போற மாட்ட நீங்க கறப்பீங்களா சார்?"

மாடு வற்றிய மாதங்களைக் காட்டி ஓட்டை மறுக்கக் கூடாது, மறுதேர்தல் நடத்த வேண்டும் என்று உத்தரவானது. அன்று அம்மா பஸ்ஸில் வாய் ஓயாமல் பேசிக்கொண்டே வந்தார்.

மறுதேர்தல் வருவதற்குள் அரசாங்கம் நிர்வாகக் குழுவையே கலைத்துவிட்டு, சங்கத்தில் ஒரு அதிகாரியை உட்கார வைத்தது. தலைவரும் போனார், தேர்தலும் போனது. எப்போது நடக்கும் என்று கேட்டால், "மேலருந்து உத்தரவு வரணும்மா" என்பார் அந்த அதிகாரி. வருஷக்கணக்காக இதே பதில்.

அம்மா விடவில்லை. தேர்தல் வரும் நாளில் எவனும் குறை சொல்லக் கூடாதென்று ஒரு நாள் தவறாமல் பால் ஊற்றினார். அதற்குள் லயத்து மாடுகள் முன்பின்னாகச் சினைபிடிக்கத் தொடங்கியிருந்தன; எங்கள் மாடு வற்றினால் பக்கத்து வீட்டில் பால் வாங்கி ஊற்றினார்.

"அதான் ஆர்டர் இருக்கே, ஏன் இப்பிடிக் கெடந்து சாகுற?" என்று கத்துவேன்.

"போட்டவனே கிழிச்சும் போடுவான்டி" என்பார்.

வீட்டில் எங்களுக்குப் பிளேன்டீதான். பிற்பாடு சட்டசபைக்கு ஓட்டுப் போட்டார். "அது எல்லாருக்கும் குடுக்கிறது. இது நான் கறந்து வாங்கினது" என்று சங்கத்துத் தேர்தலுக்கே காத்திருந்தார்.

சாகிற அன்று காலையிலும் பால் ஊற்றிவிட்டுத்தான் வந்து படுத்தார். காரியம் முடிவதற்குள் சங்கத்தில் அவர் பேரை அடித்துவிட்டார்கள். அதற்கு மட்டும் மேலிருந்து எந்த உத்தரவும் வர வேண்டியிருக்கவில்லை.