‘வரேன்’ என்று சொன்ன பேய்

ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பது அவளுக்கு வேலை. பேய்ப்படம் எடுப்பது பைத்தியம். சொந்தக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர் பேய்க்காரி. இதுவரை எடுத்த இரண்டு குறும்படங்களிலும் பேய் வந்ததும் ஜனங்கள் குபீரென்று சிரித்துவிட்டார்கள். சிரிப்புப் படம் என்று சொல்லியிருந்தாலாவது பிழைத்திருப்பாள், பாவம். மூன்றாவதுக்கும் சிரித்தால் கேமராவை மூட்டை கட்டிவிடுவது என்று முடிவு செய்திருந்தாள்.

மூன்றாவது படத்துக்குப் பேய், அவளுடைய சித்தி. பட்டப்பகலில் சித்தி வீட்டுக் கூடத்து ஜன்னல்களைப் போர்வையால் மூடி இருட்டாக்கினார்கள். பேய்க்காரிக்கு ‘ஆக்‌ஷன்’ என்று சொல்ல வராது. வேலைப் பழக்கத்தில், “மூச்சை இழுத்துப் பிடிங்க” என்பாள். நடிக்கிறவர்களும் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். அப்புறம் வசனம் எங்கிருந்து வரும்!

கடைசிக் காட்சி. செத்துப்போன மனைவி வாசல்வரை போய், புருஷனைத் திரும்பிப் பார்த்து, “போறேன்” என்று சொல்லி மறைய வேண்டும். சித்தி அழகாக நடந்தாள், திரும்பினாள், “வரேன்” என்றாள்.

“ஐயோ சித்தி, போறேன்னு சொல்லணும். செத்தவ எங்க திரும்பி வர்றது?”

“சரிடி, சரி.”

மறுபடியும் “வரேன்”. இப்படியே ஆறு தடவை. ஏழாவது தடவை பேய்க்காரி கத்திவிட்டாள்.

“ஒரே ஒரு வார்த்தை! சொன்னா வாய் வெந்தா போயிடும்?”

சித்தி முகத்தில் அப்பியிருந்த பவுடரை முந்தானையால் துடைத்தாள்.

“ஆபரேஷனுக்குக் கிளம்பறப்ப உங்கம்மா போறேன்னு சொல்லிட்டா. வாயைக் கழுவுடி, வரேன்னு சொல்லுன்னு திட்டினேன். சிரிச்சுக்கிட்டே கார்ல ஏறிட்டா. அவ்வளவுதான். எனக்கு அந்த வார்த்தை வராது, வேற ஆளைப் பாரு.”

பேய்க்காரிக்கு இது அன்றுவரை தெரியாது. அவளுக்கு வெட்கமாக இருந்தது. வேறு ஆளைத் தேடவில்லை. சித்தி சொன்ன ‘வரேன்’ என்பதையே அப்படியே படத்தில் வைத்துவிட்டாள். நம் ஆட்களின் சிரிப்பைக் கேட்டுப் பழகிய காதுதானே, இன்னொரு முறை கேட்டால் என்ன என்று ஒரு வீம்பு.

ஞாயிற்றுக்கிழமை காலை, ஒரு திரைப்படச் சங்கத்தின் சின்ன ஹாலில் படத்தைப் போட்டார்கள். அறுபது நாற்காலி. பேய்க்காரி பின்சுவரோடு ஒட்டி நின்று திரையைப் பார்க்காமல் தலைகளைப் பார்த்தாள். திரையில் சித்தி திரும்பி, “வரேன்” என்றாள்.

ஒருத்தரும் சிரிக்கவில்லை. முன்வரிசைப் பெண் கால்களைத் தூக்கி நாற்காலிமேல் வைத்துக்கொண்டாள். மலைமாதிரி இருந்த ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்த முன்பின் தெரியாத ஆளின் கையைப் பிடித்துக்கொண்டார். விளக்கு எரிந்த பிறகும் கைதட்ட அவர்களுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

பேய்க்காரிக்குத் தலைகால் புரியவில்லை. பக்கத்தில் நின்ற சித்தியைப் பிடித்து உலுக்கினாள். “பார்த்தீங்களா சித்தி? அத்தனை பேரும் நடுங்கிட்டாங்க!”

“எதுக்குடி நடுங்கணும்?” என்றாள் சித்தி. கேலியில்லை, அவளுக்கு நிஜமாகவே புரியவில்லை. “உங்கம்மா வரேன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போயிருந்தா, இந்த ஒம்பது வருஷமும் நான் கதவைத் தாழ்ப்பாளே போட்டிருக்க மாட்டேனே.”