பூக்காரியாக நடித்தவள்

மாட்ரிட் ஸ்டுடியோக்களில் லியோகாடியாவின் கத்தரிக்கு இரக்கமே கிடையாது என்பார்கள். படத்தொகுப்பில் அவள் பெயரெடுத்ததே அதனால்தான். அவள் வெட்டிய இடம் யார் கண்ணிலும் படாது. தான் குடியிருந்த கட்டடத்தின் வாசல்காவல்காரி யூஃபெமியாவுக்கு ஒரு படத்தில் பூக்காரி வேடம் வாங்கிக் கொடுத்தவள் அவள்தான். கதை இழுக்கிறது என்று அந்தக் காட்சியைத் தூக்கியவளும் அவள்தான். தினமும் மாடிப்படியில் பார்த்தும் அதைச் சொல்ல வாய் வரவில்லை.

படம் வெளியான அன்று கட்டடமே திரையரங்குக்குத் திரண்டு வந்தது. யூஃபெமியா நல்ல கோட்டு மாட்டிக்கொண்டு எல்லோருக்கும் சூரியகாந்தி விதை கொடுத்தாள். திரையில் லியோகாடியாவின் பெயர் வந்ததும் கை வலிக்கத் தட்டினாள்.

படம் முடிந்து விளக்குப் போட்டார்கள்.

"என்ன யூஃபெமியா, உன் பூக்கூடையவே காணோம்?" என்று சிரித்தார் கட்டடத்துக் கறிக்கடைக்காரர்.

யூஃபெமியா பின்வரிசையில் இருந்த லியோகாடியாவிடம் திரும்பினாள். "விதை உரிச்சுக்கிட்டே கவனிக்காம விட்டுட்டேன்மா. நான் வந்தேனா?"

லியோகாடியா கைப்பையைத் துழாவினாள். "வந்தீங்களே. அழகா இருந்தீங்க."

"கேட்டீங்களா? அம்மாவே சொல்லிட்டாங்க!"

யூஃபெமியா அதே படத்தின் அடுத்த காட்சிக்கு எல்லோரையும் வரிசையில் நிறுத்தினாள். லியோகாடியாவுக்கும் சேர்த்து டிக்கெட் எடுத்தாள். "அம்மா, இந்தத் தடவ என் பக்கத்துல உக்காருங்க. நான் வர்றப்போ தொட்டுக் காட்டுங்க."