முத்திரை மாற்றிய மஹ்ஜபின்

கணினியில் எதை மாற்றினாலும் மஹ்ஜபின் முதலில் தன் கணக்கில்தான் மாற்றுவாள். ஒரு வாரம் அதோடு குடித்தனம் நடத்துவாள். தன் கணினியே தன்னை உள்ளே விடவில்லை என்றால் ஒரு கிளாஸ் டீயைக் குடித்துவிட்டு வந்து சத்தமில்லாமல் சரிசெய்வாள். அதற்குப் பிறகுதான் அடுத்தவர் கணக்கில் கைவைப்பாள். "மொதல்ல என் கழுத்துல கட்டிப் பாப்போம்ங்க. இறுக்குச்சுன்னா எனக்குத்தான இறுக்கும்" என்பாள்.

கொடைக்கானலில் ஏரிக்கு மேலேயிருக்கும் ஒரு விடுதிப் பள்ளியில் கணினி நிர்வாகம் அவள் பொறுப்பு. வயது நாற்பத்து நான்கு. அத்தா கடைவீதியில் ஸ்வெட்டர் வியாபாரம் செய்தவர். மகள் போடுவதோ எந்நாளும் ஒரே பச்சை ஸ்வெட்டர், முழங்கைக்கு ஒன்றாய் இரண்டு ஒட்டு. கீழே சமவெளியில் சர்வர் அறைக்கு ஏசி போடுவார்கள். இவள் அறையில் ஈரத்தை விரட்ட ஒரு குண்டு பல்பு இரவும் பகலும் எரிகிறது. ஆடி மாதம் ஜன்னலைத் திறந்தால் மேகம் உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்துகொள்ளும். ஒருமுறை அப்படி வந்த மேகத்தை வருகைப் பதிவேட்டில் கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் வெளியே விட்டாள் என்று வாட்ச்மேன் செல்லப்பாண்டி சத்தியம் செய்வார். கையெழுத்தைக் காட்டச் சொன்னால், அந்தப் பக்கம் நனைந்துபோய்விட்டது என்பார்.

பள்ளிக் கணினிகளின் வாசலில் கெர்பரோஸ் என்றொரு காவல் ஏற்பாடு இருக்கிறது. காலையில் ஒருமுறை கடவுச்சொல்லைக் கொடுத்தால் முத்திரையிட்ட சீட்டு ஒன்று தரும். பிறகு எந்தக் கதவிலும் அந்தச் சீட்டைக் காட்டினால் போதும். முத்திரையில்தான் சங்கதி. ஆர்சி4 என்பது பழைய முத்திரை. இந்தக் காலத்துத் திருடன் அதை வேர்க்கடலை உடைப்பதுபோல் உடைப்பான். ஏஇஎஸ் புதியது. ஒவ்வொரு கணக்கிலும் ஓர் எண் உண்டு. இருபத்தெட்டு என்றால் பழையதும் புதியதும் செல்லும், இருபத்து நான்கு என்றால் புதியது மட்டும்.

நானூற்றுப் பன்னிரண்டு கணக்குகளை மஹ்ஜபின் ஒவ்வொன்றாக இருபத்து நான்குக்கு மாற்றினாள். மொத்தமாக மாற்ற வழியிருக்கிறதே என்று கேட்டதற்கு, "மொத்தமா செஞ்சா மொத்தமா அழுகணும்ங்க" என்றாள். பிறகு இரண்டு வாரம் பதிவேட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பழைய முத்திரையோடு ஒரு சீட்டும் வரவில்லை. வெள்ளிக்கிழமை மாலை சர்வரிலேயே பழைய முத்திரையை அறவே நிறுத்திவிட்டு, குளிரில் கைகளைத் தேய்த்துக்கொண்டு வீட்டுக்குப் போனாள்.

அந்த இரண்டு வாரமும் நர்ஸ் சின்னத்தாய் ஊரில் இல்லை. மகளின் பிரசவத்துக்காக அய்யம்பாளையம் போயிருந்தார்.

திங்கள் காலை எட்டு மணிக்குச் சின்னத்தாய் சர்வர் அறை வாசலில் நின்றார். அவருக்குப் பின்னால் முப்பது பிள்ளைகள் வரிசையாக இருமிக்கொண்டு நின்றன. எந்தப் பிள்ளைக்கு எந்த மருந்து ஆகாது என்பது அவருடைய கணக்கில் இருக்கிறது. அந்தப் பக்கத்தைப் பார்க்காமல் அரை மாத்திரைகூடத் தரக்கூடாது என்று விதி எழுதியவரும் அவரே.

"உள்ள விட மாட்டேங்குது தாயி. இதுக எல்லாம் பெரட்டுக்கு நிக்கிற மாதிரி நிக்குதுக" என்றார். அவருடைய பெற்றோர் இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்தவர்கள். ஆள் எண்ண வரிசையில் நிறுத்துவதற்கு அவர் வீட்டில் இன்னும் பெரட்டு என்றுதான் பெயர்.

மஹ்ஜபின் கணக்கைத் திறந்தாள். இருபத்து நான்கு என்றுதான் இருந்தது. அதற்குக் கீழே இருந்த தேதியை இப்போதுதான் பார்த்தாள். கடவுச்சொல் கடைசியாக வைக்கப்பட்டது 2009 ஜூனில். புதிய முத்திரை வெட்டத் தெரிந்த சர்வர் பள்ளிக்கு வந்தது 2012-இல். கடவுச்சொல் வைக்கும் அன்றுதான் அந்தக் கணக்குக்கு முத்திரை வெட்டப்படும். சின்னத்தாய்க்குப் புதிய முத்திரை செல்லும் என்று எழுதியிருந்தது, ஆனால் அப்படி ஒன்று வெட்டப்படவே இல்லை.

அதற்குள் பள்ளி நிர்வாகி அருள்தாஸ் போனில் வந்துவிட்டார். போன வருடம் ஒரு மாற்றத்தில் ஆபீஸ் அரைநாள் முடங்கியபோது, இன்னொரு தரம் இப்படி ஆனால் வேலையைக் கோயம்புத்தூர் கம்பெனிக்குக் கொடுத்துவிடுவதாகச் சொன்னவர்.

"பழையபடி விட்டுருங்க மேடம். சோலி நடக்கட்டும்."

"சிஸ்டர் ஒருத்தருக்காகத் தொறந்தா எல்லாத்துக்கும் தொறந்ததாயிரும்ங்க."

"அஞ்சு நிமிசம். அதுக்கு மேல நான் கோயம்புத்தூருக்குப் போன் போட்டுருவேன்."

மஹ்ஜபின் போனை வைத்தாள். "அக்கா, பாஸ்வேர்டு..." என்று ஆரம்பித்தாள்.

"மாத்தச் சொல்லாத" என்றார் சின்னத்தாய். "அது ஒண்ணுதான் வாயில தானா வருது. ஒருக்கா புதுசு வச்சுட்டு மறந்து, ஒரு நாள் முழுக்க மருந்துப் பக்கம் தெறக்காம நின்னேன். ரிட்டயர்மெண்டுக்கு எட்டு மாசந்தான் கெடக்கு. இதோட போயிர்றேன்."

வரிசையில் யாரோ நீளமாக இருமினார்கள். மஹ்ஜபின் திரையைப் பார்த்தாள், நகத்தைப் பார்த்தாள்.

"மாத்த வேணாம்க்கா. அதையே திரும்பப் போடுங்க."

"அதேவா?"

"அதே எழுத்து, அதே நம்பர். இன்னைக்குப் போட்டா இந்த சர்வர் அதுக்குப் புது முத்திரை வெட்டிரும். உங்க மெசின்ல பழசையே வைக்க விடாது, என் மெசின்ல விடும். இங்க வந்து உக்காருங்க. வெரசா."

பழைய கடவுச்சொல்லையே வைத்தது தெரிந்தால் தணிக்கைக்காரர் முகம் சுளிப்பார். அது வேறொரு நாள் பஞ்சாயத்து.

சின்னத்தாய் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, மஹ்ஜபின் எழுந்து கொடுத்த நாற்காலியில் உட்கார்ந்தார். மஹ்ஜபின் சுவரோரம் போய் முதுகைக் காட்டி நின்றாள். முதல் எழுத்தைத் தேடிக்கொண்டே சின்னத்தாய் வாய்விட்டுச் சொன்னார்: "பெரிய எம்மு... அப்பறம் சின்ன யூ..."

"அக்கா, சத்தம் போடாதீங்க."

"சொல்லாம அடிச்சா வெரலு தப்பிரும் தாயி."

மஹ்ஜபின் இரண்டு உள்ளங்கைகளாலும் காதுகளை அழுத்திப் பொத்திக்கொண்டாள். பின்னால் ஒவ்வோர் எழுத்தாக உரக்கப் போய்க்கொண்டிருந்தது, முதல் பெட்டியில் ஒருமுறை, இரண்டாவது பெட்டியில் ஒருமுறை. வாசலில் நின்ற முப்பது பிள்ளைகளும் இருமலை மறந்து கவனமாகக் கேட்டன. திரையில் ஆயிற்று என்று வந்தது. "தாயி, எடுத்துக்கிருச்சு" என்று சின்னத்தாய் மூன்று முறை கூப்பிட்டார்.

சுவரைப் பார்த்து நின்றவள் கையை எடுக்கவில்லை.