மேவிஸ் ஹாலமின் காதில் பேசியது யார்?

இது நடந்தது. எந்த நாள், எத்தனை மணி என்பது வரை மேவிஸ் ஹாலமே என்னிடம் சொன்னார். பொய் சொல்லி அவருக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை.

மான்செஸ்டரில் எடுக்கும் ஒரு தொலைக்காட்சித் தொடரில் முப்பத்தொரு வருடம் ரொட்டிக்கடை எல்சியாக நடித்தவர் மேவிஸ். கடைத்தெருவில் அவரை யாரும் மேவிஸ் என்று கூப்பிட்டதில்லை. "ஏன் எல்சி, அந்தக் குடிகாரனை மறுபடி எதுக்கு வீட்டுக்குள்ள விட்டே?" என்று சண்டைக்கே வருவார்கள். புருஷன் இல்லை, பிள்ளை இல்லை. எல்சி மட்டும்தான் இருந்தாள்.

எழுபத்து நாலாவது வயதில் வசனம் மறக்க ஆரம்பித்தது. உள்ளங்கையில் எழுதிப் பார்த்தார். ரொட்டிக்குப் பின்னால் சீட்டு ஒட்டிப் பார்த்தார். கடைசியில் அவர் காதுக்குள் பொத்தான் அளவு கருவி ஒன்றை வைத்தார்கள். மாடியறையில் பிரிஸில்லா என்ற பெண் உட்கார்ந்து ஒவ்வொரு வரியாக வாசிப்பாள். கேட்டுக் கேட்டு இவர் பேசுவார்.

நவம்பர் மாதம். வியாழக்கிழமை. மணி நாலுதான், வெளியே அதற்குள் இருட்டிவிட்டது. கணவனின் சவப்பெட்டி அருகே நின்று எல்சி பேசும் காட்சி. நாலு பக்க வசனம். இதையாவது கருவி இல்லாமல் பேசிக் காட்ட வேண்டும் என்று மேவிஸுக்கு வீம்பு.

மூன்று முறை எடுத்தார்கள். மூன்று முறையும் பாதியில் நின்றார்.

படப்பிடிப்புத் தளத்தைக் கவனிக்கும் காலின் என்பவர் அவரிடம் வந்தார்.

"மேவிஸ் கண்ணு, இந்தத் தடவையும் முடியலைன்னா வசனத்தை உங்க மகளா நடிக்கிறவளுக்குக் குடுத்துடறாங்களாம்."

"அப்ப எனக்கு?"

"நீங்க சும்மா அழுதா போதுமாம்."

இன்று வசனம் போனால் நாளை எல்சியே போய்விடுவாள். மேவிஸ் அவர் சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ஒரே ஒரு தடவை காலின். கருவியை வெச்சுக்கறேன். உன் கால்ல வேணாலும் விழறேன்."

மணி 4.17. கருவியைக் காதில் பொருத்தினார்கள். தளம் அமைதியானது.

முதலில் ஒரு மூச்சு கேட்டது. நீளமான மூச்சு. பிரிஸில்லா மூச்சு விடுவது இதுவரை கேட்டதே இல்லை.

பிறகு முதல் வரி வந்தது. கரகரத்த குரல். வயதான குரல். பிரிஸில்லாவுக்கு ஜலதோஷம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

வரி வந்தது. பேசினார். அடுத்தது வந்தது. பேசினார். கண்ணீர் தானாக வழிந்தது.

இரண்டாம் பக்கத்தில் குரல் முன்னால் போகவில்லை. கூடவே வந்தது...

மூன்றாம் பக்கத்தில், குரல் எது, தான் எது என்று அவருக்கே தெரியவில்லை...

நாலாம் பக்கத்தின் முடிவில் ஒரு வரி வந்தது. அது வசனத்தில் இல்லை.

"இனிமே உனக்குக் கஷ்டமே இருக்காது."

4.26. "கட்!"

கைதட்டல். கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். காலின் ஓடிவந்து கட்டிக்கொண்டார்.

மேவிஸ் கருவியை உருவி உள்ளங்கையில் வைத்தார்.

மூச்சு நிற்கவில்லை...

காதுக்குள்ளேயே இருந்தது.

"நாளைக்கு நமக்கு எத்தனை மணிக்கு?" என்றது.

அப்போதுதான் பிரிஸில்லா மூச்சிரைக்க ஓடிவந்தாள்.

"மன்னிச்சுடுங்க மேவிஸ்! நாலு மணிக்கு லிஃப்ட்ல மாட்டிக்கிட்டேன். இப்பத்தான் திறந்து விட்டாங்க. நான் இல்லாம எப்படிச் சமாளிச்சீங்க?"

மேவிஸ் கருவியை அவள் கையில் வைத்தார். எல்சியின் கறுப்பு உடையைக்கூடக் கழற்றவில்லை. இனி வரமாட்டேன் என்று காலினிடம் ஒரே வார்த்தை. எதற்காகச் சற்று முன் கெஞ்சினாரோ, அதை அங்கேயே விட்டுவிட்டுக் குளிரில் நடந்தார்.

வாசல் தாண்டிய பிறகுதான் அந்த மூச்சு நின்றது.

இரண்டு வாரம் கழித்துக் காலின் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"அந்தக் காட்சியைப் போட முடியாது மேவிஸ்."

"ஏன், சத்தம் சரியா விழலையா?"

"சுத்தமா விழுந்திருக்கு. உங்க குரல்தான். ஒரு வார்த்தை பிசகலை."

"அப்புறம்?"

காலின் குரலைத் தாழ்த்தினார்.

"நாங்க இருபது பேர் எதிர்ல நின்னு பார்த்தோம். நீங்க பேசினீங்க. ஆனா படத்துல... அந்த ஒன்பது நிமிஷமும்... நீங்க வாயே திறக்கலை."