பூசணிக்குள் மறைந்த உப்பு

பூசணிக்காயைப் பார்த்து எங்கள் அத்தை ஒரு முறை முறைத்தால் போதும், அது தானாகவே தோலை உரித்துக்கொண்டு துண்டு துண்டாகச் சட்டியில் குதிக்கும். பீன்ஸ் பயந்துபோய் தன் நாரைத் தானே உருவிக் கையில் கொடுக்கும். ராஜாக்கள் இருந்த காலத்தில் அத்தை பிறந்திருந்தால் போரே நடந்திருக்காது. எல்லாரும் தட்டோடு வரிசையில் நின்றிருப்பார்கள்.

இதில் பாதி பொய். மீதியும் கொஞ்சம் பொய்.

அத்தைக்கு பஸ் டிப்போ கேன்டீனில் சமையல் வேலை. போன மாதம் வந்த காய்ச்சல் போகும்போது நாக்கு ருசியையும் கூட்டிக்கொண்டு போய்விட்டது. அத்தை வாயில் உப்பும் சர்க்கரையும் ஒன்று. இது வெளியே தெரிந்தால் வேலை போய்விடும். அதனால் பத்தாம் வகுப்புக் கணக்கு கைவிட்ட என்னைக் காய் நறுக்க என்று கூட்டிப்போய், ருசி பார்க்க வைத்திருந்தாள்.

அன்றைக்கு அத்தைக்குத்தான் பரீட்சை. டிரைவர்களில் பாதிப் பேருக்கு பிரஷர் என்று, எண்ணெயும் உப்பும் குறைவாக ஒரு காய் தினமும் வேண்டும் என்று டிப்போ டாக்டர் சொல்லிவிட்டார். பன்னிரண்டு மணிக்கு அவரே வந்து சாப்பிட்டுப் பார்ப்பார். பிடிக்கவில்லையென்றால் வேறு ஆள்.

காலையிலிருந்து அத்தை குட்டி போட்ட பூனைதான். அடுப்புக்கும் வாசலுக்கும் நடந்தே தரையைத் தேய்த்துவிட்டாள். அரை வேக்காடு பீன்ஸில் கேரட்டைப் போட்டு, பூசணியைக் கடைசியில் சேர்த்து, மூடி வைத்துவிட்டு மறுபடி வாசல்.

அந்த நேரத்தில் நான் நல்ல பிள்ளையாக அளவு உப்பைப் போட்டு, கிளறி, ருசியும் பார்த்துவிட்டேன். கச்சிதம்.

அத்தை ஓடி வந்தாள். "உப்பு பாத்தியாடா?"

"பாத்தேனே. டப்பால வெள்ளையா இருக்கு."

தினமும் சொல்கிற ஜோக்தான். தினமும் தலையில் ஒரு குட்டு விழும், சிரிப்போம். அன்று குட்டு விழவில்லை. "விளையாடுற நேரமா குரங்கே!" என்று ஒரு கைப்பிடி உப்பை அள்ளிக் கவிழ்த்தாள். நான் வாயைத் திறப்பதற்குள் கிளறியும் விட்டாள்.

நக்கிப் பார்த்தேன். கடல். மூன்று டம்ளர் தண்ணீர் குடித்தேன்.

சொல்லியிருக்கலாம். ஆனால் அத்தை கரண்டியோடு மறுபடி வாசலை எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்துக்கொண்டே "உப்புக்கடல்" என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

"அத்தை, உன் போனுக்கு மேனேஜர் பேசினாரு. இன்னும் இருபது பேர் வர்றாங்களாம். இன்னொரு பூசணி வெட்டு."

"இப்பவா? நேரம் இல்லடா!"

"பொடிசா வெட்டு, சீக்கிரம் வெந்துடும்."

அத்தை வெட்டப் போனதும் சட்டியில் கிடந்த உப்புத் தண்ணீரை வடித்துக் கொட்டினேன். புதுப் பூசணியைக் கொட்டி, ஒரு எலுமிச்சையைப் பிழிந்து, மிளகைத் தட்டிப் போட்டு, கிளறிக் கிளறிக் கை கழன்றது. எல்லாரும் முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள். நான் உப்பைப் பூசணிக்காயில் மறைத்தேன்.

டாக்டர் சரியாகப் பன்னிரண்டுக்கு வந்தார். ஒரு வாய் வைத்தார். மெதுவாக மென்றார். அத்தை முந்தானையை முறுக்கி முறுக்கிக் கயிறாக்கிவிட்டாள்.

"இன்னும் கொஞ்சம் வைங்க," என்றார் டாக்டர். "நாளையிலிருந்து தினமும் இதே மாதிரி செய்ங்கம்மா."

அவர் போனதும் அத்தை காலையிலிருந்து முதல் தடவையாக உட்கார்ந்தாள். நான் பாத்திரம் தேய்க்கிற சாக்கில் நழுவப் பார்த்தேன்.

"நில்லு. யாரு பேசினது?"

"மேனேஜர்."

"எந்த போன்ல?"

"உன் போன்லதான்."

"அதை வீட்டுலயே மறந்து வச்சிட்டு வந்துட்டேன்டா."

நான் தேய்த்த கரண்டியையே திரும்பத் தேய்த்தேன்.

"நீ மூணு டம்ளர் தண்ணி குடிச்சப்பவே தெரியும். அதனாலதான் எதுவும் கேக்காம வெட்டினேன்." என் காதைப் பிடித்தாள். திருகவில்லை, சும்மா பிடித்திருந்தாள். "எனக்கு இப்ப நாக்குன்னா நீதான்டா. நாக்கே என்கிட்ட பொய் சொல்லலாமா?"