நிதானி என்று எழுதிய அத்தான்

என் அக்காள் சாரம்மாளின் புருஷன் அப்பாத்துரை, பாளையங்கோட்டையில், ஊர் ஊராகச் சபை நடத்தப் போகும் உபதேசிமாருக்குப் பாடம் சொல்லிக்கொடுத்த வாத்தியார். புதிதாக ஒருவரைப் பார்த்தால் சௌக்கியம் விசாரிப்பதற்கு முன்பே அவர் என்ன வகை என்று முடிவுகட்டிவிடுவார். வெள்ளைக்காரர் ஒருவர் விட்டுப்போன பழைய புத்தகத்தில் மனிதர்கள் நாலே வகைதான் என்று படித்திருந்தார். தமிழில் அவரே பேர் வைத்தார்: உல்லாசி, முன்கோபி, சோகி, நிதானி. கல்யாணப் பந்தியில்கூட, ரசத்துக்குக் காத்திருக்கும் முகங்களை வகை பிரிப்பார். என்னை முன்கோபி என்றார். எனக்குக் கோபம் வந்தது. அவருக்கு அதில் பெரிய சந்தோஷம்.

எனக்கு அது கேலி, மற்றவர்களுக்கு வேதவாக்கு. எந்த ஊருக்கு யாரை அனுப்பலாம் என்று குருவானவர் அத்தானிடம்தான் கேட்பார். அத்தானும் ஒவ்வொரு பேருக்கும் எதிரே அவன் வகையை எழுதிக் கொடுப்பார்.

1908இல் ஆழ்வார்குறிச்சிக்கு அப்பால் ஒரு சிற்றூரில் வாந்திபேதி கண்டது. அங்கிருந்த உபதேசி ஓடி வந்துவிட்டார். செத்தவர்களை அடக்கம் பண்ணவும் கிடப்பவர்களுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுக்கவும் ஆள் வேண்டும். பதறாத ஆளாகப் பார்த்துச் சொல்லும்படி குருவானவர் சொல்லியனுப்பினார்.

அத்தான் தம்மிடம் படித்த பாக்கியசீலனைக் கூப்பிட்டார். அவனுக்குக் கல்யாணமாகி ஒரு வருஷம்தான். நானும் அங்கே இருந்தேன்.

"அங்கன பேதி பரவிக் கெடக்கு. போவியாலே?"

பாக்கியசீலன் தோளில் கிடந்த துண்டை எடுத்து முறுக்கினான், பிரித்தான், மறுபடியும் முறுக்கினான். பிறகு சரியென்று தலையை அசைத்துவிட்டு வெளியே போனான்.

"பாத்தியா கிருபை, மூச்சு விட்டானா? சுத்த நிதானி" என்று என்னிடம் சொல்லி, அப்படியே எழுதினார்.

ஒன்பதாம் நாள் பாக்கியசீலன் பேதியில் செத்துப்போனான். அங்கேயே புதைத்துவிட்டார்கள். அவன் பெண்டாட்டி சாலோமிக்கு முகம்கூடப் பார்க்கக் கிடைக்கவில்லை.

ஒரு மாதம் கழித்து அவள் வந்தாள். அப்போது வீட்டில் அத்தானும் நானும் மட்டும். அவள் அழவும் இல்லை, ஏசவும் இல்லை.

"எங்க வீட்டுக்காரவுகளப் பத்தி ஏதோ எழுதுனியளாமே. என்னன்னு வாசிங்க."

அத்தான் தம்மிடம் இருந்த நகலை எடுத்து, "நிதானி" என்று வாசித்தார்.

"அவுக பயந்தவுக, வாத்தியாரய்யா. இடி இடிச்சாலே நடுங்குவாவ. ரொம்பப் பயந்துட்டா வாய் கட்டிக்கிடும், துண்டத்தான் முறுக்குவாவ. பயமா இருக்கான்னு ஒரு வார்த்தை கேட்டிருந்தா, ஆமான்னு சொல்லியிருப்பாவ."

அதோடு அவர் வகை பிரிப்பதை விட்டார். வேறொன்று பிடித்துக்கொண்டது. பேசாமல் இருக்கும் யாரைக் கண்டாலும், "பயமா இருக்கா?" என்று கேட்பார். ரயிலில் கேட்டார், சாவு வீட்டில் கேட்டார். டவுணில் வாய்மூடித் துணி அளந்துகொண்டிருந்த சேக் முகம்மது அண்ணாச்சியிடமும் கேட்டார். "உம்மக் கண்டாத்தான்வே பயமா இருக்கு" என்றார் அண்ணாச்சி. கடை முழுக்கச் சிரித்தது. அத்தான் மட்டும் அண்ணாச்சியின் கைகளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் என் காதோரம் சொல்வார்: "பைய திரும்பிப் பாரு. கடைசி வரிசைல ஒருத்தன் துண்ட முறுக்குதான்." திரும்பிப் பார்ப்பேன். கடைசி வரிசை காலியாக இருக்கும். எட்டு வருஷம் இப்படி.

1916இல் அத்தான் காய்ச்சலில் விழுந்தார். மூன்றாம் நாள் பேச்சு நின்றது. கண்கள் மட்டும் விட்டத்தைப் பார்த்தபடி திறந்திருந்தன. வீடு நிறையச் சொந்தபந்தம். குருவானவர் ஜெபம் பண்ணினார். "என்ன ஒரு அமைதி பாருங்க" என்றார் ஒருவர். "ஆண்டவர்கிட்ட நிம்மதியாப் போறாவ" என்று அக்காள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

அவருடைய வலது கை போர்வை நுனியை முறுக்கியது, விட்டது, மறுபடியும் முறுக்கியது.

அந்த அறையில் அது என்னவென்று தெரிந்தவன் நான் ஒருவன்தான். குனிந்து ஒரு வார்த்தை கேட்டால் போதும். அத்தனை பேர் முன்னால், அதுவும் குருவானவர் பக்கத்தில் நிற்கும்போது, சாகப் போகிறவரிடம் அதைக் கேட்க எனக்கு வெட்கமாக இருந்தது. இவர்களெல்லாம் கொஞ்சம் வெளியே போகட்டும், கேட்டுக்கொள்ளலாம் என்று நின்றேன்.

மத்தியானம் அந்தக் கை நின்றது. யாரும் வெளியே போகவில்லை. நான் கேட்கவும் இல்லை.