பிரேமா மேல் படாத பந்து

நம் காலேஜ் வாட்ஸ்அப் குரூப்பில் பிறந்தநாளுக்கு ஒரு கேக் படம் போடுவதைத் தாண்டி நான் எதுவும் எழுதியதில்லை. இன்றைக்குக் கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன். வேலைக்கு நடுவில் இருப்பவர்கள் கோபித்துக்கொள்ளாதீர்கள்...

ஈரப் புல்லில் சுண்ணாம்புப் பொடி விழும்போது ஒரு வாசனை வருமே, ஞாபகம் இருக்கிறதா?

காலேஜ் கிரவுண்டில் எனக்குக் கிடைத்த முதல் வேலை அதுதான். நிலக்கோட்டைப் பக்கம் பூக்காட்டிலிருந்து வந்தவள் நான். எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள். யாரோடும் பேசப் பயம். பி.டி. மேடம் பார்த்தார், சுண்ணாம்பு டப்பாவைக் கையில் கொடுத்துக் கோடு போடச் சொல்லிவிட்டார். கயிறு பிடித்த மாதிரி நேராகப் போடுவேன். "லைன் போடுற புள்ள"... அதுதான் என் பெயர்.

ஒருநாள் கோட்டைத் தாண்டி உருண்டு வந்த பந்தைத் திருப்பி உதைத்தேன். அது எல்லார் தலைக்கும் மேலே போய் அந்தக் கடைசியில் விழுந்தது. மேடம் வாயிலிருந்த விசிலை எடுத்தார்.

"ஏ புள்ள, டப்பாவக் கீழ வையி."

அப்படித்தான் ஃபுட்பால் டீமுக்கு வந்தேன். ஆனால் ஓடுகிற ஆட்டத்தில் நான் சுத்த வேஸ்ட். "எனக்குப் போடு, எனக்குப் போடு" என்று கத்த வேண்டும். எனக்குத் தொண்டையைத் தாண்டி வராது. நிற்கிற பந்துக்கு அந்தத் தொல்லை இல்லை. அதனால் பெனால்டி, ஃப்ரீ கிக் எல்லாம் என் கணக்கில் வந்தது. பெயரும் 'கிக்கர்' ஆனது.

எங்கள் கோல்கீப்பர் பிரேமா, ஒட்டன்சத்திரத்துக்காரி. வாய் ஓயாது. "ஏனுங்க கிக்கரம்மா, இன்னைக்காச்சும் வாயத் தொறப்பீங்களா?" என்று கேட்டுவிட்டு, பதிலையும் அவளே சொல்லிக்கொள்வாள். சாயங்காலம் ஊர் பஸ்ஸைப் பிடிக்க ஓடிவிடுவாள். ஹாஸ்டலில் இருந்த நான் மட்டும் கிரவுண்டின் பின்சுவரில் அடித்துப் பழகுவேன்.

கேன்டீன் அடுப்புக் கரியால் அந்தச் சுவரில் ஒரு கோல் போஸ்ட் வரைந்தேன். ஆளே இல்லாத கோலில் அடித்து என்ன பழக்கம் என்று, நடுவில் பிரேமாவையும் வரைந்தேன். மடித்துக் கட்டிய ரெட்டை ஜடை, வளைந்த முழங்கால், இரண்டு கையையும் விரித்துக் கீழுதட்டைக் கடித்துக்கொண்டு நிற்கிற அந்த நிற்பு... அதற்கு முன்னால் ஸ்கூல் ரெக்கார்டு நோட்டில் தவளை வரைந்ததோடு சரி.

முதல் பந்து சேற்றோடு போய் அவள் மூக்கிலேயே அப்பியது. மறுநாள் காலையில் பிரேமா பார்த்துவிட்டாள்.

"அடிப்பாவி! இத்தன அழகா வரைஞ்சுட்டு மூஞ்சில சேத்தப் பூசி வெச்சிருக்கியே! எங்கூட்டுல பாத்தா உன்னைய உட்டுருவாங்களா?"

எல்லாரும் சிரித்தார்கள், நானும்தான். ஆனால் துடைத்து மறுபடி வரைந்த பிறகு, அந்தப் படத்தின் மேல் அடிக்க எனக்குக் கால் வரவில்லை. காதுக்குப் பக்கத்தில், விரல் நுனிக்கு வெளியே, முழங்காலுக்கு அந்தப் பக்கம்... அவள் மேல் படாமல் அடித்து அடித்தே மூலைகள் பழகிவிட்டன.

"எப்படிடி இம்புட்டு கரெக்டா மூலையில போடுற?" என்று மேடம் கேட்பார். சும்மா சிரித்து வைப்பேன்.

கடைசி வருஷம், காலேஜ்களுக்கு இடையிலான ஃபைனல். டிராவாகி பெனால்டிக்குப் போனது. கடைசி கிக் என்னுடையது. விட்டால் கப் போச்சு. எதிர் டீம் கீப்பர் ஒவ்வொரு முறையும் முன்னாடியே ஒரு பக்கம் பாய்ந்துகொண்டிருந்தாள். மேடம் என் காதுக்குப் பக்கத்தில் வந்து, "நடுவுல அடி. அம்புட்டுத்தான்" என்றார்.

பந்தை வைத்துவிட்டு நிமிர்ந்தேன். அந்தப் பெண் கையை விரித்து, உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

என் கால் மூலைக்குத்தான் போனது. பந்து போஸ்ட்டில் பட்டு வெளியே ஓடியது. அவள் எதிர்ப்பக்கம் பாய்ந்து கிடந்தாள். நடுவில் ஒரு ஆளும் இல்லை.

நான் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிரேமா கிளவுஸைக் கழற்றிக்கொண்டே வந்தாள்.

"ஏன் கிக்கரு, என்ற மூஞ்சில அடிக்க மனசு வரலையாக்கும்?"

சுவரில் அவள் மேல் படாமல் அடிப்பதை நான் யாரிடமும் சொன்னதே இல்லை. அவளுக்கு எப்படித் தெரிந்தது? வேனில் அவள் தோளில் சாய்ந்து அழுதேன். சின்னாளப்பட்டி தாண்டுவதற்குள் இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

அந்த மழைக்காலத்தில் சுவர்ப் படம் கரைந்துபோனது.

இப்போது எனக்குச் சுவர்தான் தொழில். பி.காம் முடித்து ஒரு ஆபீஸில் கொஞ்ச நாள் டைப் அடித்தேன். பிறகு எங்கள் ஊர் அங்கன்வாடிக்கு ஒரு யானை வரைந்து கொடுத்தேன். அதைப் பார்த்து ஒரு ஸ்கூல், அந்த ஸ்கூலைப் பார்த்து இன்னொன்று. "பாப்பா செவுத்துல படம் போடுது. கவர்மென்ட் வேலையான்னு கேக்குறாக. அதுக்கும் மேலன்னு சொல்லிட்டேன்" என்று அப்பா பூ மார்க்கெட்டில் சொல்லிக்கொண்டு திரிகிறார்.

அப்போது கரித்துண்டும் கண்ணும்தான். இப்போது பெயிண்ட், சாரம், புரொஜெக்டர் எல்லாம் இருக்கிறது. போனில் தேடினால் உலகத்துக் கீப்பர்கள் எல்லாரும் வந்து நிற்கிறார்கள்...

தேடியதற்குக் காரணம் இருக்கிறது. நம் காலேஜில் அதே பின்சுவரில் படம் வரையக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஸ்போர்ட்ஸ் டேக்குள் முடிக்க வேண்டும். நம் நீல ஜெர்சி, கொடி, கோடு, மேடத்தின் விசில் எல்லாம் வந்துவிட்டது. நடுவில் பிரேமா நிற்க வேண்டிய இடத்தை மட்டும் வெள்ளையாக விட்டிருக்கிறேன். மனசிலிருந்து வரைந்தால் அந்தக் கை வரவில்லை. மேட்ச் போட்டோ எல்லாம் கோலுக்குப் பின்னாலிருந்து எடுத்தது, பிரேமாவின் முதுகுதான் இருக்கிறது. "நெட்ல இருந்து ஏதாச்சும் ஒரு கீப்பரப் போட்டு முடிச்சுரும்மா" என்கிறார் மேடம். எனக்கு மனசு வரவில்லை.

பிரேமா, நீ இந்த குரூப்புல பேசறதே இல்ல. ஆனா எல்லாத்தையும் படிக்கிறன்னு தெரியும். போன வாரம் உங்க வீட்டுக்காரர் மண்டிக்கு போன் போட்டேன். யாரோ "ஏனுங்க, யாரு வேணும்?"னு கேட்டாங்க. பயந்து வெச்சுட்டேன். நான் இன்னும் அப்படியேதான் இருக்கேன்.

மண்டி லீவு அன்னைக்கு ஒரு தடவ வா. அதுவரைக்கும் உன் பிள்ளைய நான் பாத்துக்கிறேன். அந்தச் சுவர் முன்னாடி கைய விரிச்சு செத்த நேரம் நில்லு, போதும்.

வாரியா?